ஓய்வூதியத்தைக் குறைத்த ஆணை எங்கே, அதற்கான விதி எங்கே?

வாசகர் கேள்வி - பதில்

ஓய்வூதியம் குறைக்கப்பட்டது, பிடித்தம் செய்யப்பட்டது, நிறுத்தி வைக்கப்பட்டது என்று வந்த கடிதங்களே இம்முறை மிகுதி. அவற்றில் பெரும்பாலானவற்றில் ஒரு செய்தி பொதுவாக இருக்கிறது: தொகை குறைந்தது வங்கிக் கணக்கைப் பார்த்த பிறகுதான் தெரிந்திருக்கிறது, குறைத்த ஆணையின் நகல் எவர் கையிலும் இல்லை. எழுதியவர்களின் பெயர்களைத் தவிர்த்து, அவர்களுடைய கேள்விகளைச் சுருக்கித் தந்திருக்கிறோம்.

கேள்வி: அரசு நடுநிலைப் பள்ளித் தலைமையாசிரியராக இருந்து 2021-இல் ஓய்வு பெற்றேன். பணியில் இருந்தபோது எனக்குச் சிறப்புநிலை ஊதியம் (ஒரே பதவியில் நெடுங்காலம் பணியாற்றியதற்கான உயர் ஊதியம்) நிர்ணயித்ததில் பிழை நேர்ந்துவிட்டது என்று தணிக்கைத் தடை (கணக்குத் தணிக்கையாளரின் ஆட்சேபம்) எழுப்பி, இப்போது ஊதியத்தை மறுநிர்ணயம் செய்து ஓய்வூதியத்தைக் குறைத்துவிட்டார்கள். கடந்த ஆண்டுகளில் கூடுதலாகப் பெற்றதாகக் கணக்கிட்ட தொகையையும் மாதந்தோறும் பிடிக்கிறார்கள். எனக்கு எந்த அறிவிப்பும் வரவில்லை. 2009 ஊதியத் திருத்தத்தின்போது, கூடுதல் தொகை பெற்றிருந்தால் திருப்பிச் செலுத்துவேன் என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்திருக்கிறேன். எனக்கு வழி உண்டா?

பதில்: உண்டு. ஆனால் உங்கள் கடிதத்தில் இரண்டு வெவ்வேறு குறைகள் கலந்திருக்கின்றன. வழக்கிலும் அவற்றைக் கலந்துவிட்டால் வெல்லக்கூடிய பகுதியையும் சேர்த்து இழக்க நேரிடும். ஏற்கெனவே வாங்கிய பணத்தைத் திரும்பப் பிடிப்பது ஒன்று; இனிமேல் வரவேண்டிய ஓய்வூதியத்தைக் குறைப்பது மற்றொன்று. இவ்விரண்டையும் நீதிமன்றங்கள் ஒரே அளவுகோலால் அளப்பதில்லை.

முதலில் பிடித்தம். பஞ்சாப் மாநில அரசுக்கும் ரஃபீக் மசி என்பவருக்கும் இடையிலான வழக்கில் 2014 டிசம்பர் 18 அன்று உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்புதான் இன்றும் இந்தத் துறையின் அடிப்படை. அரசின் பிழையால் கூடுதலாக வழங்கப்பட்ட தொகையை எந்தெந்தச் சூழ்நிலைகளில் திரும்பப் பெறக்கூடாது என்று அது வகுத்துச் சொல்கிறது. கடைநிலைப் பிரிவுகளான 'சி', 'டி' பிரிவுப் பணியாளர்களிடமிருந்தும், ஓய்வு பெற்றவர்கள் அல்லது ஓராண்டுக்குள் ஓய்வு பெறவிருப்பவர்களிடமிருந்தும், பிடித்தத்துக்கான ஆணை பிறப்பதற்கு முன் ஐந்தாண்டுகளுக்கு மேலாகக் கூடுதல் தொகை வழங்கப்பட்டு வந்திருந்தாலும், பிடித்தம் கூடாது. உயர்பதவியின் பணியைத் தவறாகச் செய்ய வைத்து அதற்கேற்ற ஊதியம் வழங்கியிருந்தாலும், பிடித்தம் செய்வது மிகக் கொடுமையாக அமையும் என்று நீதிமன்றம் கருதினாலும் அவ்வாறே. நீங்கள் ஓய்வு பெற்றவர். பிழை என்று சொல்லப்படுவதும் பல ஆண்டுகளுக்கு முந்தையது. ஒன்றுக்கு இரண்டு பாதுகாப்புகள் உங்களுக்கு இருக்கின்றன.

உறுதிமொழி எழுதிக் கொடுத்தது உங்களை அச்சுறுத்துவதில் வியப்பில்லை. அலுவலகங்களும் அதைத்தான் முதலில் எடுத்துக் காட்டும். 2016-இல் ஜக்தேவ் சிங் என்னும் நீதித்துறை அலுவலர் தொடர்பான வழக்கில், ஊதியத் திருத்தத்தின்போது அவரே எழுதிக் கொடுத்த உறுதிமொழியைச் சுட்டி, பிடித்தம் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. ஆகவே உங்கள் உறுதிமொழியின் வாசகத்தைச் சொல்லுக்குச் சொல் படிக்க வேண்டும். அது 2009 ஊதியத் திருத்தத்தின் நிர்ணயத்துக்காக மட்டும் எழுதப்பட்டது, இப்போதைய தணிக்கைத் தடையோ சிறப்புநிலை வழங்கியதைப் பற்றியது என்றால், ஒன்றுக்குக் கொடுத்த உறுதிமொழியை மற்றொன்றுக்கு நீட்டிக்கக் கூடாது என்று உறுதியாக வாதிடலாம். இதற்குப் பின், 2022-இல், கேரளத்தைச் சேர்ந்த ஓய்வு பெற்ற ஆசிரியர் தாமஸ் டேனியலின் வழக்கில், பணியாளர் பொய்யான தகவல் தராமலும் ஏமாற்றாமலும் இருக்கும்போது அரசின் தவறான விதி விளக்கத்தால் வழங்கப்பட்ட தொகையை ஓய்வுக்குப் பின் பறிக்கலாகாது என்று அதே நீதிமன்றம் மீண்டும் வலியுறுத்தியது. ஊதியக் கணக்கைத் தயாரித்தது அலுவலகம். ஒப்புதல் அளித்தது உயரலுவலர். பணிப்பதிவேட்டில் பதிந்து பல தணிக்கைகளைக் கடந்து வந்ததும் அவர்கள் பொறுப்பில்தான். அந்தப் பிழையின் சுமையை முதுமையில் ஒருவர் தலையில் ஏற்றுவது நேர்மையன்று என்பதே இத்தீர்ப்புகளின் உயிர்நாடி.

இனி ஓய்வூதியக் குறைப்பு. இங்கே உங்களுக்குப் பிடிக்காத ஒன்றைச் சொல்லியாக வேண்டும். ரஃபீக் மசி தீர்ப்பு பழைய தொகையைக் காக்கிறதேயன்றி, பிழையான ஊதியத்தை என்றென்றும் பெறும் உரிமையைத் தரவில்லை. உண்மையிலேயே விதிக்கு மாறாகச் சிறப்புநிலை வழங்கப்பட்டிருந்தால், இனி வரும் மாதங்களுக்கு அதைத் திருத்த அரசுக்கு அதிகாரம் உண்டு. ஆனால் அதற்கு ஒரு முறை இருக்கிறது. பகவான் சுக்லா வழக்கில் 1994-இலேயே உச்ச நீதிமன்றம் சொன்னது இதுதான்: ஊதியத்தைக் குறைப்பது ஒருவருக்குக் கேடு விளைவிக்கும் செயல், அவருக்கு அறிவிப்புக் கொடுத்து விளக்கம் கேட்காமல் அதைச் செய்தால் அது இயற்கை நீதிக்கு முரண். அறிவிப்பே இல்லாமல் உங்கள் ஓய்வூதியம் குறைக்கப்பட்டிருப்பதால், அந்த ஆணை இந்த ஒரு காரணத்துக்காகவே ரத்தாகி, மறுபரிசீலனைக்குத் திரும்ப வாய்ப்பு மிக அதிகம். அப்போது சிறப்புநிலை சரியாகத்தான் வழங்கப்பட்டது என்பதை அரசாணைகளையும் பணிப்பதிவேட்டையும் வைத்து நிலைநாட்டும் வாய்ப்பு உங்களுக்குக் கிடைக்கும். தணிக்கைத் தடை என்பது ஒரு கருத்து மட்டுமே. அது தானாகவே ஆணையாகிவிடாது. துறை அலுவலர் அதை ஆராய்ந்து, காரணம் காட்டி, தம் பெயரில் ஆணையிட வேண்டும்.

ஆகவே உடனடியாகச் செய்ய வேண்டியது: மறுநிர்ணய ஆணை, தணிக்கைத் தடையின் முழு வாசகம், நீங்கள் எழுதிக் கொடுத்த உறுதிமொழி, மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்கு அனுப்பப்பட்ட திருத்தக் கருத்துரு ஆகியவற்றின் நகல்களைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ்க் கேளுங்கள். 30 நாட்களுக்குள் பதில் தர வேண்டும். பிடித்தம் தொடர்ந்துகொண்டிருந்தால் நகல்கள் முழுவதும் வரும்வரை காத்திருக்கத் தேவையில்லை; உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்து, பிடித்தத்துக்கு இடைக்காலத் தடை கேட்கலாம். நாகப்பட்டினம், தஞ்சாவூர் போன்ற மாவட்டத்தவர்கள் தங்கள் மாவட்டம் சென்னை அமர்வின் எல்லைக்குள் வருகிறதா, மதுரைக் கிளையின் எல்லைக்குள் வருகிறதா என்பதை வழக்கறிஞரிடம் உறுதி செய்துகொள்ளவும்.

மத்திய அரசு ஓய்வூதியர்களுக்காக ஒரு குறிப்பு. 1972-ஆம் ஆண்டின் மத்தியக் குடிமைப் பணி ஓய்வூதிய விதிகளில் 70-ஆவது விதி, ஒருமுறை அனுமதிக்கப்பட்ட ஓய்வூதியத்தை எழுத்தர் பிழை தவிர வேறு காரணத்துக்காகக் குறைக்கத் தடை விதித்திருந்தது. அப்பிழையும் இரண்டாண்டு கழித்துக் கண்டுபிடிக்கப்பட்டால் ஓய்வூதிய விதிகளைக் கவனிக்கும் மத்திய அரசுத் துறையின் இசைவு தேவை. புதிய 2021 விதிகளிலும் இப்பாதுகாப்பு தொடர்கிறது. உங்கள் குறைப்பு ஆணையில் அந்த இசைவு பெறப்பட்டதா என்று கேட்பது பல நேரங்களில் வழக்கையே முடித்துவைக்கும்.

கேள்வி: நான் ஊரக வளர்ச்சித் துறையில் பணியாற்றி ஓய்வு பெற்று மூன்று ஆண்டுகள் ஆகின்றன. ஆறு ஆண்டுகளுக்கு முன் நடந்த ஒரு கொள்முதலைக் காட்டி இப்போது 17(பி) குற்றச்சாட்டுக் குறிப்பாணை (கடுந்தண்டனைக்கு இடமளிக்கும் ஒழுங்கு நடவடிக்கைக்கானது) வந்திருக்கிறது. ஓய்வூதியத்தை நிறுத்திவிடுவார்களா?

பதில்: தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள், 1978-இன் 9-ஆவது விதி இதற்கான விடையைத் தெளிவாகவே வைத்திருக்கிறது. பணியில் இருக்கும்போதே தொடங்கிய ஒழுங்கு நடவடிக்கை ஓய்வுக்குப் பிறகும் தொடரலாம். ஓய்வுக்குப் பிறகு புதிதாகத் தொடங்குவதானால் அரசின் முன்னனுமதி வேண்டும். நடவடிக்கை தொடங்குவதற்கு நான்கு ஆண்டுகளுக்கு முன் நடந்த நிகழ்வைப் பற்றியதாகவும் அது இருக்கக் கூடாது. நீங்கள் குறிப்பிடும் கொள்முதல் நிகழ்வு அந்த எல்லையைத் தாண்டிவிட்டது. குறிப்பாணை வழங்கப்பட்ட நாளே நடவடிக்கை தொடங்கிய நாளாகக் கருதப்படும் என்பதால், அதன் தேதியையும் நிகழ்வின் தேதியையும் அருகருகே வைத்துப் பாருங்கள். பணியில் இருந்தபோதே வேறு ஏதேனும் குறிப்பாணை இதே பொருளில் வழங்கப்பட்டிருந்ததா என்பதையும் சரிபாருங்கள். நான்காண்டு கடந்தது உண்மையானால், விளக்கம் எழுதிக் கொடுத்துவிட்டு விசாரணை முடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். குறிப்பாணையையே உயர் நீதிமன்றத்தில் எதிர்க்கலாம்.

அரசு முறைப்படி நடவடிக்கை எடுத்து, கடுமையான முறைகேடோ கவனக்குறைவோ மெய்ப்பிக்கப்பட்டால் ஓய்வூதியம் முழுவதையுமோ அதன் ஒரு பகுதியையோ நிறுத்த அதே விதி அதிகாரம் தருகிறது. நடவடிக்கை நிலுவையில் இருக்கும் வரை அதே விதிகளின்படி தற்காலிக ஓய்வூதியம் வழங்க வேண்டும். பணிக்கொடை மட்டுமே நிறுத்தி வைக்கப்படும். விதி எதையும் காட்டாமல் அலுவலகச் சுற்றறிக்கையை வைத்து ஓய்வூதியத்தையோ பணிக்கொடையையோ நிறுத்த முடியாது என்பதை ஜார்க்கண்ட் மாநில வழக்கில் 2013-இல் உச்ச நீதிமன்றம் ஐயத்துக்கு இடமின்றிச் சொல்லிவிட்டது. ஓய்வூதியம் சொத்து, அரசியலமைப்பின் 300ஏ பிரிவின்படி சட்டத்தின் அதிகாரமின்றி ஒருவரின் சொத்தைப் பறிக்க இயலாது என்பது அத்தீர்ப்பின் சாரம். நெடுங்காலம் கழித்து வழங்கப்பட்ட குற்றச்சாட்டைப் பொறுத்தவரை, தமிழ்நாடு வீட்டு வசதி வாரிய அலுவலர் ஒருவர் வழக்கில் பத்தாண்டுத் தாமதத்துக்காகவே குறிப்பாணையை உச்ச நீதிமன்றம் 2005-இல் ரத்து செய்ததையும் உங்கள் வழக்கறிஞருக்கு நினைவூட்டுங்கள்.

கேள்வி: மத்திய அரசுப் பணியிலிருந்து 2012 ஜூன் 30 அன்று ஓய்வு பெற்றேன். மறுநாள் வரவேண்டிய ஆண்டு ஊதிய உயர்வு கிடைக்காததால் ஓய்வூதியமும் குறைவாகவே நிர்ணயிக்கப்பட்டது. இத்தனை ஆண்டு கழித்துக் கேட்க முடியுமா? நிலுவை முழுவதும் கிடைக்குமா?

பதில்: கேட்கலாம், முழு நிலுவை கிடைக்காது. ஓராண்டுப் பணியை நிறைவு செய்தவருக்கு, உயர்வு வழங்கும் நாளில் அவர் பணியில் இல்லை என்பதற்காக அதை மறுக்கலாகாது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2017-இல் தீர்ப்பளித்தது. கர்நாடக மின் தொடரமைப்பு நிறுவனப் பணியாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2023 ஏப்ரலில் அதே கோட்பாட்டை உறுதி செய்தது. பின்னர் அளித்த விளக்கத்தில், வழக்குத் தொடுக்காமல் இருந்த மற்றவர்களுக்கு 2023 மே 1 முதல்தான் உயர்வு சேர்த்த ஓய்வூதியம் என்று வரையறுத்துவிட்டது. அதற்கு முந்தைய ஆண்டுகளின் நிலுவையை எதிர்பார்த்துப் புதிய வழக்குத் தொடுப்பது வீண் செலவு. உங்கள் ஓய்வூதியம் 2023 மே முதல் திருத்தப்படவில்லை என்றால் முதலில் துறைக்கு மனுக் கொடுங்கள். ஆறு மாதத்துக்குள் பதில் வராவிட்டால் சென்னையிலுள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தை அணுகலாம்.

தாமதம் பற்றிய பொது விதியையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். தவறாகக் குறைக்கப்பட்ட ஓய்வூதியம் மாதந்தோறும் நிகழும் தொடர் தவறு. ஆகவே காலம் கடந்தாலும் உரிமை அழிவதில்லை. ஆனால் தர்செம் சிங் வழக்கில் 2008-இல் வகுக்கப்பட்டபடி, பொதுவாக வழக்குத் தொடுப்பதற்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கான நிலுவைதான் வழங்கப்படும். பழைய குறைக்குப் புதிதாக ஒரு மனு எழுதி, அதற்குக் கிடைத்த பதிலைக் காட்டிப் புதிய உரிமை பிறந்துவிட்டது என்று சிலர் கருதுகிறார்கள். தமிழ்நாட்டிலிருந்து சென்ற சி.ஜேக்கப் வழக்கில் அதே ஆண்டு உச்ச நீதிமன்றம் இந்தக் கருத்தை நிராகரித்தது. நீங்கள் காத்திருக்கும் ஒவ்வொரு ஆண்டும் ஓர் ஆண்டு நிலுவை கரைகிறது. சங்கம் பேசித் தீர்க்கும் என்று பத்தாண்டு காத்திருந்து இழந்தவர்களின் கடிதங்களைப் படிக்கும்போது மனம் வருந்துகிறது.

கேள்வி: 1994-இல் தினக்கூலியாகச் சேர்ந்தேன். 2007-இல் காலமுறை ஊதியத்தில் முறைப்படுத்தினார்கள். இப்போது ஓய்வு பெற்ற எனக்குப் பழைய ஓய்வூதியம் இல்லை என்கிறார்கள். தினக்கூலிப் பணியில் பாதியைக் கணக்கிட வேண்டும் என்று விதி இருக்கிறதே?

பதில்: விதி இருக்கிறது, ஆனால் அது உங்களுக்கு எட்டவில்லை. ஓய்வூதிய விதிகளின் 11-ஆவது விதி, தொகுப்பூதியம், மதிப்பூதியம், தினக்கூலி ஆகிய அடிப்படையில் செய்த பணியில் பாதியைத் தகுதிப் பணியாக (ஓய்வூதியத்துக்குக் கணக்கில் கொள்ளும் பணிக்காலமாக) சேர்க்கிறது. 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்களுக்குப் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம் வந்த பிறகு, அந்தத் தேதிக்குப் பின் முறைப்படுத்தப்பட்டவர்களின் நிலை குறித்து முரண்பட்ட தீர்ப்புகள் வந்தன. 2019-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு, அந்தத் தேதிக்கு முன் முறைப்படுத்தப்பட்டவர்களுக்கே பாதிப் பணிக் கணக்கு பொருந்தும் என்று முடிவு செய்தது. உத்தரப் பிரதேசப் பணியாளர்களுக்காக உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு அளித்த சாதகமான தீர்ப்பு அம்மாநில விதியை வைத்துப் பிறந்தது. இங்கே அப்படியே பொருந்தாது.

இத்தனை ஆண்டுகள் உழைத்த ஒருவரிடம் இதைச் சொல்வது எளிதாக இல்லை. அரசு தன் சொந்தத் தாமதத்தால் 2003-க்குப் பிறகு முறைப்படுத்தியதன் விளைவை அந்தப் பணியாளர் சுமப்பது நியாயமன்று என்றே நான் கருதுகிறேன். அதனால் ஒரே ஒரு கோணத்தை மட்டும் ஆராயச் சொல்கிறேன்: உங்களுடன் அல்லது உங்களுக்குப் பின் சேர்ந்தவர்கள் 2003-க்கு முன்பே முறைப்படுத்தப்பட்டிருக்கிறார்களா? அல்லது உங்கள் முறைப்படுத்தும் ஆணையிலேயே முன்தேதியிட்டுப் பலன் தரப்பட்டிருக்கிறதா? அப்படியிருந்தால் வழக்கு ஓய்வூதியத்தைப் பற்றியதாக இல்லாமல் முறைப்படுத்திய தேதியைப் பற்றியதாக மாறும். இல்லையென்றால் வழக்குக்குச் செலவிட வேண்டாம் என்பதே என் அறிவுரை.

கேள்வி: என் கணவர் மத்திய அரசு ஓய்வூதியர். அவர் இறந்த பின் எனக்குக் குடும்ப ஓய்வூதியம் வந்தது. கூடுதல் வீதம் முடிந்த பிறகும் வங்கி அதே தொகையைச் செலுத்தி வந்ததாகச் சொல்லி, இப்போது ஒரே நாளில் என் கணக்கிலிருந்து பெருந்தொகையை எடுத்துக்கொண்டது. கேட்டால் மத்திய அலுவலகத்தின் உத்தரவு என்கிறார்கள்.

பதில்: ஓய்வுக்குப் பின் இறந்தவரின் குடும்பத்துக்குக் கூடுதல் வீதக் குடும்ப ஓய்வூதியம் ஏழு ஆண்டுகள் வரை, அல்லது அவர் உயிரோடு இருந்திருந்தால் 67 வயதை எட்டியிருக்கும் நாள் வரை, இவற்றில் எது முந்தியதோ அதுவரை கிடைக்கும். அந்த நாள் ஓய்வூதியக் கொடுப்பாணையிலேயே அச்சிடப்பட்டிருக்கும். அதைக் கணினியில் பதியத் தவறியது வங்கி. ஆகவே சாதாரண வீதத்துக்குத் திரும்பியது சரி. நடந்ததைக் கேட்காமல் உங்கள் கணக்கைத் துடைத்தது சரியன்று. ரிசர்வ் வங்கி 2021 ஜனவரியில் வெளியிட்ட சுற்றறிக்கை, பிடித்தம் குறித்த தன் பழைய அறிவுறுத்தல்களைத் திரும்பப் பெற்று, ஓய்வூதியம் அனுமதிக்கும் துறையிடம் வழிகாட்டுதல் பெற்றே செயல்படுமாறு வங்கிகளைப் பணித்தது. பிழை வங்கியுடையது என்றால், ஓய்வூதியரிடமிருந்து வசூலாகும் வரை காத்திருக்காமல் வங்கியே அரசுக்கு உடனே செலுத்த வேண்டும் என்றும் சொன்னது. எந்தத் துறையின் எந்தக் கடிதத்தின் அடிப்படையில் பணத்தை எடுத்தீர்கள் என்று கிளை மேலாளரிடம் எழுத்தில் கேளுங்கள். பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகை வாங்காமல் திரும்பாதீர்கள். பதில் திருப்தி தராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம். பெருந்தொகை என்பதால் உயர் நீதிமன்றமும் திறந்திருக்கிறது. இதே வங்கிகள் ஓய்வூதியத்தையோ நிலுவையையோ தாமதமாகச் செலுத்தினால் ஆண்டுக்கு 8 விழுக்காடு வட்டியை, யாரும் கேட்காமலேயே, கணக்கில் வரவு வைக்கக் கடமைப்பட்டவை என்பதையும் வாசகர்கள் அறிந்திருக்க வேண்டும்.

கேள்வி: 2025 நிதிச் சட்டத்தால் நகாரா தீர்ப்பு இல்லாமல் போய்விட்டது என்கிறார்களே, உண்மையா?

பதில்: 1982 டிசம்பர் 17 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு அளித்த நகாரா தீர்ப்பு, 1979 மார்ச் 31 என்ற ஒரு தேதியை வைத்து அதற்கு முன் ஓய்வு பெற்றவர்களுக்குத் தாராள ஓய்வூதியச் சூத்திரத்தை மறுத்ததைச் சமத்துவத்துக்கு முரண் என்றது. ஓய்வூதியம் அரசின் கருணையைச் சார்ந்த நன்கொடை அல்ல என்று சொன்னதும் அதுவே. அந்த நாளை ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுகிறோம். இருப்பினும் அதன் எல்லை ஏற்கெனவே சுருக்கப்பட்டுத்தான் இருந்தது. சேமநலநிதித் திட்டத்தைத் தேர்ந்தவர்களுக்கு அது பொருந்தாது என்று 1990-இலும், முன்னாள் படைவீரர்கள் தொடுத்த வழக்கில், எல்லாருக்கும் ஒரே தொகை என்று அதற்குப் பொருளில்லை என்று 1991-இலும் ஐந்து நீதிபதி அமர்வுகளே தெளிவுபடுத்தின.

2025 மார்ச்சில் நிறைவேறிய நிதிச் சட்டத்தின் ஒரு பகுதி, மத்திய அரசு ஓய்வூதியர்களிடையே ஓய்வு பெற்ற தேதியை வைத்து வேறுபாடு காட்டும் அதிகாரம் அரசுக்கு உண்டு என்று 1972 ஜூன் 1 முதல் பின்னோக்கிச் செல்லுபடியாக்குகிறது. ஓய்வூதியர் அமைப்புகளின் கவலைக்கு இதுவே காரணம். அந்தக் கவலை நியாயமானது. ஊதியக் குழு பரிந்துரைகள் நடைமுறைக்கு வரும்போது பழைய ஓய்வூதியர்களை வேறாக நடத்த இது இடமளிக்கக்கூடும். ஆனால் அது மத்தியக் குடிமைப் பணி ஓய்வூதிய விதிகளைப் பற்றியது. தமிழ்நாடு அரசு ஓய்வூதியர்களை நேரடியாகத் தொடவில்லை. தனிப்பட்ட ஒருவரின் ஓய்வூதியத்தை அறிவிப்பின்றிக் குறைப்பதற்கோ, பழைய தொகையைப் பிடிப்பதற்கோ, விதியின்றி நிறுத்தி வைப்பதற்கோ அதில் எந்த அதிகாரமும் தரப்படவில்லை. இந்த இதழில் முன் கண்ட பாதுகாப்புகள் எதையும் அது அகற்றவில்லை. ஆகவே உங்கள் அலுவலகம் குறைப்புக்குக் காரணமாக 2025 சட்டத்தைக் காட்டினால், எந்தப் பிரிவின்கீழ் என்று எழுத்தில் கேளுங்கள்.

கேள்வி: கம்யூடேஷன் செய்தேன் (ஓய்வூதியத்தின் ஒரு பகுதியை முன்கூட்டியே மொத்தத் தொகையாகப் பெற்றேன்). 15 ஆண்டு முடிந்தும் பிடித்தம் தொடர்கிறது. 11 ஆண்டுகளிலேயே நிறுத்த வேண்டும் என்றும் சொல்கிறார்களே?

பதில்: 1986-இல் உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட 15 ஆண்டு எல்லைதான் இங்கு நடைமுறை. வட்டி விகிதம் குறைந்த இந்நாளில் அதற்கு முன்பே அசல் அடைபட்டுவிடுகிறது என்ற வாதம் பல உயர் நீதிமன்றங்களுக்குப் போனது. பஞ்சாப், அரியானா உயர் நீதிமன்றம் அதைத் தள்ளுபடி செய்துவிட்டது. கேரள அரசு 12 ஆண்டு என்று வைத்திருப்பது அந்த அரசின் கொள்கை முடிவு. நம் அரசிடமும் அப்படிக் கேட்கலாமே தவிர, வழக்கில் உரிமையாகப் பெறுவது கடினம். ஆனால் 15 ஆண்டு முடிந்தும் முழு ஓய்வூதியம் மீளாதது முற்றிலும் அலுவலகத் தவறு. தொகுத்துப் பெற்ற தொகை உங்கள் கையில் கிடைத்த தேதியைக் கொடுப்பாணையில் பார்த்து, 15 ஆண்டு நிறைவு பெற்ற நாளைக் குறிப்பிட்டு, கருவூல அலுவலருக்கு ஒரு பக்க மனு கொடுங்கள். கூடுதலாகப் பிடித்த மாதங்களின் தொகையையும் திருப்பித் தரக் கேளுங்கள். அகவிலைப்படி எப்போதும் குறைக்கப்படாத முழு ஓய்வூதியத்தின் மீதே கணக்கிடப்பட வேண்டும். இதுநாள்வரை அப்படித்தான் வழங்கப்பட்டதா என்பதையும் இந்த வாய்ப்பிலேயே சரிபார்த்துவிடுங்கள்.